லபூர்தொனே: போர்ட் லூயிஸ் துறைமுகத்தைப் பார்த்தபடி நிற்கும் கப்பல் தளபதியைப் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மொரிசியசின் தலைநகரமான போர்ட் லூயிசில் மாலை நேரத் தமிழ் வகுப்பு எடுக்கிறேன். வருஷத்துக்கு ஒரு தடவை பிள்ளைகளை நகரம் சுற்றிக் காட்டக் கூட்டிப்போவேன். தமிழ்நாட்டிலிருந்தும் புதுச்சேரி, காரைக்கால் பக்கமிருந்தும் சொந்தக்காரர்கள் வந்தாலும் அதே சுற்றுதான். பிளாஸ் தார்ம் சதுக்கத்தில் பனை வரிசை முடிகிற இடத்தில், கடலைப் பார்த்தபடி ஒரு வெண்கலச் சிலை நிற்கும். எல்லாரும் அங்கே நின்று போட்டோ எடுப்பார்கள், எடுத்த பிறகுதான் "யார் இவர்?" என்று கேட்பார்கள். பதில் சொல்ல ஆரம்பித்தால் மெட்ராஸ் வரைக்கும் போக வேண்டியிருக்கும், அதற்குள் வெயில் ஏறிவிடும். அதனால்தான் திரும்பத் திரும்ப வருகிற கேள்விகளை இங்கே எழுதி வைக்கிறேன்.

சரி, யார் இவர்?

பெர்த்ராந் பிரான்சுவா மஹே தெ லபூர்தொனே. 1699 பிப்ரவரி 11 அன்று பிரான்சின் சேன் மாலோ துறைமுகத்தில் பிறந்தவர். கப்பல்காரர், வியாபாரி, 1735 முதல் 1746 வரை மொரிசியசுக்கும் பக்கத்துத் தீவான ரீயூனியனுக்கும் கவர்னர். 1746இல் நாகப்பட்டினத்துக்கு எதிரே கடலில் ஆங்கிலக் கப்பல்களோடு மோதி, அடுத்த இரண்டரை மாதத்தில் மெட்ராசைப் பிடித்தவர். பிறகு சொந்த நாட்டிலேயே சிறையில் கிடந்து, குற்றமற்றவர் என்று தீர்ப்பு வாங்கி வெளியே வந்து, 1753 நவம்பர் 10 அன்று பாரிசில் இறந்துபோனார். வயது 54.

பெயரை எப்படிச் சொல்வது? தமிழ்நாட்டுப் பாடப்புத்தகத்தில் வேறு மாதிரி இருந்ததே?

ஆங்கில எழுத்தை வைத்து வாசித்தால் "லா போர்டோனைஸ்" என்று வரும். பிரெஞ்சில் கடைசி எழுத்து ஒலிக்காது, ஆகவே இங்கே எல்லாரும் லபூர்தொனே என்றுதான் சொல்வோம்.

கேரளக் கரையில் உள்ள மாஹி ஊருக்கு இவர் பெயரைத்தானே வைத்தார்கள்?

இந்தக் கதை இரண்டு பக்கமும் ஓடுகிறது. ஊருக்கு இவர் பெயர் வந்தது என்பார்கள். ஊரைப் பிடித்ததால் இவருக்கு அந்தப் பெயர் வந்தது என்றும் பழைய கலைக்களஞ்சியங்கள் எழுதிவிட்டன. இவர் அப்பாவின் குடும்பப் பெயரே மஹேதான். அந்த ஊரோ மய்யழி, அதுதான் பிரெஞ்சுக்காரர் வாயில் மாஹே ஆனது. 1725இல் அந்த ஊரைப் பிடித்த கப்பற்படையில் இளம் கேப்டனாக இவர் பேர் வாங்கியது உண்மை. இரண்டு பெயரும் ஒரே மாதிரி ஒலித்தது தற்செயல், அதைப் பிடித்துக்கொண்டு கதை வளர்ந்துவிட்டது.

எத்தனை வயதில் கடலுக்குப் போனார்?

சிறுவனாக இருக்கும்போதே. சேன் மாலோ அந்தக் காலத்தில் மாலுமிகளும் கடல் கொள்ளைக்கு ராஜாவிடமே அனுமதிச் சீட்டு வாங்கியவர்களும் நிறைந்த ஊர், அங்கே பையன்கள் பத்து வயதுக்கெல்லாம் கப்பல் ஏறிவிடுவார்கள். இவர் 1718 வாக்கில் பிரெஞ்சுக் கிழக்கிந்தியக் கம்பெனியில் லெப்டினன்ட்டாகச் சேர்ந்து, 1724இல் கேப்டன் ஆனார். அப்புறம் கொஞ்ச காலம் கம்பெனி வேலையை விட்டுவிட்டுப் புதுச்சேரியை மையமாக வைத்துச் சொந்த வியாபாரம் பார்த்தார். கோவாவில் போர்ச்சுக்கீசியரிடமும் இரண்டு வருஷம் வேலை. அதனால் அரபிக்கடல், வங்கக்கடல் இரண்டின் காற்றும் அவருக்கு அத்துப்படி. எந்த மாதத்தில் எந்தத் துறையில் நங்கூரம் போடலாம், எப்போது கிளம்பிவிட வேண்டும் என்பது அவருக்கு ஏட்டுப் படிப்பால் வந்ததில்லை. இதை மறக்காதீர்கள், மெட்ராஸ் கதையில் திரும்ப வரும்.

இவர் அட்மிரலா?

நம் சுற்றுலா வழிகாட்டிகள் அப்படித்தான் சொல்கிறார்கள், ஆனால் இல்லை. இவர் வளர்ந்தது கம்பெனிக் கப்பல்களில். ராஜாவின் கடற்படையில் பிற்பாடுதான் கேப்டன் நிலையில் ஒரு பதவி கொடுத்தார்கள். பிரபு குடும்பத்தில் பிறந்து கடற்படைப் பள்ளி வழியாக வந்த அதிகாரிகள் இவரை ஒரு வியாபாரியாகவே பார்த்தார்கள். ஆனாலும் ஒரு போர்க்கப்பல் அணியைச் சேர்த்து, நடத்தி, போரிட்டு, திரும்பக் கொண்டுவந்தவர். வேலை அட்மிரல் வேலைதான், பட்டம்தான் இல்லை.

அவர் வந்தபோது மொரிசியஸ் எப்படி இருந்தது?

டச்சுக்காரர்கள் 1710இல் விட்டுவிட்டுப் போன தீவு. பிரெஞ்சுக்காரர்கள் 1715இல் உரிமை கொண்டாடி, 1721இல் குடியேற ஆரம்பித்தார்கள். பெயர் ஈல் தெ பிரான்ஸ். 1735இல் இவர் வந்து இறங்கியபோது போர்ட் லூயிஸ் என்றால் சில குடிசைகள், காடு, எலி, அவ்வளவுதான். தென்கிழக்கில் இருக்கிற கிராண்ட் போர் துறைமுகம் பார்க்கப் பெரியது, ஆனால் அங்கே வருஷம் முழுக்கக் காற்று நேராகக் கரையை நோக்கி அடிக்கும். பாய்மரக் கப்பல் உள்ளே வந்துவிடும், வெளியே போவதுதான் பாடு. போர்ட் லூயிஸ் மலைகளுக்குப் பின்னால் காற்று மறைவில் இருக்கிறது. கப்பல்காரர் கண்ணோடு பார்த்து இதுதான் தலைநகரம் என்று உறுதி செய்துவிட்டார்.

அதற்கப்புறம் ஐந்தே வருஷத்தில் நடந்தது கொஞ்சநஞ்சம் இல்லை. கப்பல் பழுது பார்க்கும் துறை, ஆஸ்பத்திரி, வெடிமருந்துக் கிடங்கு, படைவீரர் குடியிருப்பு, தானியக் கிடங்கு எல்லாம் எழுந்தன. கவர்னர் மாளிகையை அவருக்கு முன்பே தொடங்கியிருந்தார்கள், அதை விரித்துக் கட்டியவர் இவர். கிராண்ட் ரிவரிலிருந்து நகரத்துக்குக் கால்வாய் வெட்டித் தண்ணீர் கொண்டுவந்தார். அதற்கு முன்பு குடிக்கிற தண்ணீரைப் படகில் போய் எடுத்து வர வேண்டியிருந்தது; மாதக்கணக்கில் கடலில் கிடந்து வருகிற கப்பலுக்கு நல்ல தண்ணீர் இல்லாத துறைமுகம் எதற்கு? மரவள்ளிக் கிழங்கைக் கொண்டுவந்து, புயலடித்தால் சோளமும் நெல்லும் போய்விடும், கிழங்கு மண்ணுக்குள் பத்திரமாக இருக்கும் என்று சொல்லிப் பயிரிட வைத்தார். கரும்பு ஆலையும் அவர் காலத்தில்தான் கால் ஊன்றியது. பாம்ப்லமூஸ் தாவரவியல் பூங்கா இருக்கிறதே, அது அவர் வாங்கிய மோன் பிளேசிர் தோட்டத்திலிருந்து வளர்ந்தது.

இதையெல்லாம் கட்டியது யார்? நம் ஆட்களா?

இந்தக் கேள்விக்காகத்தான் இவ்வளவும் எழுதுகிறேன் என்றே சொல்லலாம்.

கட்டியவர்களில் நம் ஆட்கள் உண்டு. லபூர்தொனேவுக்குப் புதுச்சேரி நன்றாகத் தெரியும். கோட்டையும் வீடும் கட்டிப் பழகிய கொத்தனார், தச்சர், கொல்லர் எங்கே கிடைப்பார்கள் என்றும் தெரியும். புதுச்சேரி, காரைக்கால் பக்கத்துக் கைவினைஞர்களை ஒப்பந்தம் பேசி, கூலி பேசி, கப்பலில் வரவழைத்தார். இவருக்கு முன்பே, 1720களின் கடைசியிலேயே, புதுச்சேரியிலிருந்து கொஞ்சம் பேர் வந்திருந்தார்கள். பெரிய அளவில் வரவழைத்தது இவர்தான். பிரெஞ்சுக்காரர்கள் தமிழர்களை "மலபார்" என்று அழைத்ததால், நகரத்தின் கிழக்கு ஓரத்தில் அவர்கள் குடியிருந்த பகுதிக்கு "கான் தே மலபார்" என்றே பெயர் விழுந்தது. ரீயூனியனில் இன்றைக்கும் தமிழர் என்றால் மல்பார்தான்.

துரு ஃபான்ஃபரோன் பக்கம், துறைமுகத்தை ஒட்டி, 1740ஐ ஒட்டிக் கட்டிய பழைய ராணுவ ஆஸ்பத்திரிச் சுவர் இருக்கிறது. கருங்கல், நடுவில் வெள்ளைச் சாந்து. காரைக்காலிலிருந்து என் மனைவியின் மாமா வந்திருந்தார். நாற்பது வருஷம் கொத்து வேலை பார்த்தவர், கவர்னர் மாளிகை, சிலை எதையும் அவர் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. இந்தச் சுவர் முன்னால் வந்ததும் நின்றுவிட்டார். கல் இணைப்பில் கட்டைவிரலை ஓட்டினார், உதிர்ந்திருந்த ஒரு துணுக்கை எடுத்து நகத்தால் சுரண்டி, நாக்கு நுனியில் வைத்துப் பார்த்துத் துப்பினார். "இது கிளிஞ்சல் சுண்ணாம்பு இல்ல மாப்ள, பவளம் சுட்டது. ஆனா அரைச்ச கை நம்ம கைதான். பாருங்க, மணல் தனியா சுண்ணாம்பு தனியா தெரியுதா? தெரியாது. நாள்கணக்குல ஊறப்போட்டு அரைச்சாத்தான் இப்படி வரும்" என்றார். அவர் சொன்னதை ஆதாரம் என்று நான் எங்கேயும் எழுத முடியாது, அந்தக் குறிப்பிட்ட சுவரை யார் கை பூசியது என்று கல் சொல்லாது. ஆனால் பவளப்பாறையைச் சுட்டுச் சுண்ணாம்பு எடுத்தது நடந்த விஷயம். தமிழ்நாட்டு முறையில் சுண்ணாம்புச் சாந்து போட்டு ஒழுகாத மொட்டைமாடித் தளம் அமைக்கிற வித்தையும் இந்தத் தீவுகளில் இறங்கியது, அதற்கு இங்கே "அர்கமாஸ்" என்று பெயர். ரீயூனியன் போகிறவர்கள் சேன் ஜில்லுக்கு மேலே இருக்கிற தெபாசேன் மாளிகையைப் பாருங்கள். புதுச்சேரி வீட்டைப் பெயர்த்துக்கொண்டுவந்து வைத்தது போலிருக்கும், தட்டையான கூரையும் அந்தத் தளம்தான்.

அப்படியானால் மொரிசியஸ் தமிழர்கள் எல்லாரும் அவர் கூட்டி வந்தவர்களின் வாரிசுகளா?

இல்லை. பெரும்பாலான குடும்பங்கள் அதற்கு நூறு வருஷம் கழித்து, 1834க்குப் பிறகு, கரும்புத் தோட்டத்துக்குக் கூலி ஒப்பந்தத்தில் வந்தவர்கள் வழி. அவர்கள் இறங்கி ஏறிய படிக்கட்டு இருக்கிற ஆப்பிரவாசி காட், நான் சொன்ன ஆஸ்பத்திரிச் சுவரிலிருந்து கூப்பிடு தூரம்தான். முதலில் வந்த கைவினைஞர்களில் சிலர் திரும்பிப் போனார்கள், சிலர் இங்கேயே கடை, நிலம் என்று நிலைத்தார்கள், பலர் கிறிஸ்தவப் பெயர் எடுத்துக் கலந்துபோனார்கள். உங்கள் குடும்பம் எந்த வழி என்று தெரிய வேண்டுமென்றால் பிறப்புப் பதிவுகளைப் பின்னோக்கிப் பார்த்துக்கொண்டே போங்கள். கூலி ஒப்பந்தத்தில் வந்தவர்களுக்குக் குடியேற்ற எண் இருக்கும்.

அடிமைகளைப் பற்றி ஏன் யாரும் பேசுவதில்லை?

பேச வேண்டும், பிள்ளைகளிடமும் சொல்லிவிடுகிறேன். தமிழ்க் கொத்தனார்கள் கூலி வாங்கினார்கள். கல் உடைத்தது, கால்வாய் வெட்டியது, மரம் இழுத்தது, சுண்ணாம்புச் சூளைக்குப் பவளம் சுமந்தது எல்லாம் பெருமளவில் அடிமைகள். மடகாஸ்கர், மொசாம்பிக், மேற்கு ஆப்பிரிக்கா வரைக்கும் போய்ப் பிடித்தும் வாங்கியும் கொண்டுவந்தார்கள். அடிமைச் சட்டம் 1723இலேயே இந்தத் தீவுகளுக்கு வந்துவிட்டது. லபூர்தொனே ஆட்களைக் கொண்டுவருவதைக் கூட்டினார், தானும் அடிமைகளை வைத்திருந்தார், அந்த வியாபாரத்தில் பணமும் பார்த்தார். காட்டுக்குத் தப்பி ஓடியவர்களை வேட்டையாட, அடிமைகளிலிருந்தே ஆள் எடுத்துப் படை அமைத்தார். இது அவர் செய்த "நிர்வாகச் சீர்திருத்தம்" என்று பழைய புத்தகங்கள் பாராட்டுகின்றன, எனக்கு அதை வாசிக்கும்போது வயிறு எரியும்.

இன்னொன்றும் இருக்கிறது. புதுச்சேரியிலிருந்து வந்த எல்லாருமே கூலிக்கு வந்தவர்கள் இல்லை. பஞ்ச காலத்தில் விற்கப்பட்டும் ஏமாற்றி ஏற்றப்பட்டும் அடிமையாக வந்த தமிழர்களும் இருந்தார்கள். "நம் முன்னோர் கலைஞர்கள், அவர்கள் அடிமைகள்" என்று கிரியோல் அண்டை வீட்டாரிடமிருந்து பிரித்துப் பேசுகிற பழக்கம் நம்மில் சிலருக்கு இருக்கிறது. அது வரலாறும் இல்லை, மரியாதையும் இல்லை. பிப்ரவரி 1 அடிமை ஒழிப்பு நாள், 1835இல் சட்டம் நடைமுறைக்கு வந்த தேதி. நவம்பர் 2 கூலி ஒப்பந்தத்தில் நம்மவர்கள் வந்து இறங்கிய நாள். என் வகுப்பில் இரண்டையும் ஒன்றாகத்தான் சொல்லித்தருகிறேன்.

அப்புறம் ஏன் சிலையை வைத்திருக்கிறார்கள்?

சிலை வைத்தது 19ஆம் நூற்றாண்டில். ரீயூனியனில் சேன் தெனியில் இருக்கும் சிலையைப் பற்றி அங்கே நல்ல வாக்குவாதம் நடந்திருக்கிறது. என் கருத்தைக் கேட்டால், சிலை இருக்கட்டும், பக்கத்தில் ஒரு பலகை வைத்துக் கல் சுமந்தவர்களையும் சாந்து குழைத்தவர்களையும் எழுதினால் போதும். நகரம் முழுக்கத் தேடினாலும் அவர்களுக்கென்று ஒரு வரி கிடைப்பது கஷ்டம்.

ரீயூனியனில் அவர் என்ன செய்தார்?

அப்போது அதன் பெயர் பூர்போன். மொரிசியஸ் துறைமுகம், ரீயூனியன் களஞ்சியம் என்று வேலையைப் பிரித்தார். அங்கே காப்பியும் தானியமும், இங்கே கப்பலும் பட்டறையும். 1738இல் தலைநகரத்தைச் சேன் போலிலிருந்து சேன் தெனிக்கு மாற்றினார். அங்கே துறைமுகம் கிடையாது, கரையில் அலை மோதிக்கொண்டே இருக்கும் என்பதால் கடலுக்குள் நீட்டிக்கொண்டிருக்கும் ஒரு தொங்கு பாலம் அமைத்துப் படகில் சரக்கை இறக்கினார்கள்.

வியாபாரக் கப்பல்களை வைத்தா ஆங்கிலேயரோடு சண்டை போட்டார்?

ஆமாம். இவர் வாழ்க்கையிலேயே என்னை அதிகம் வியக்க வைக்கிற பகுதி இதுதான்.

1741இல் பிரான்சிலிருந்து ஒரு அணியோடு திரும்பி வந்து, முற்றுகையில் இருந்த மாஹியைக் காப்பாற்றினார். சண்டை இல்லாத நேரத்தில் கப்பல்களுக்கு எதற்குச் செலவு என்று கம்பெனி அவற்றைத் திரும்ப அழைத்துக்கொண்டது. 1744இல் ஆஸ்திரிய வாரிசுரிமைப் போரில் இங்கிலாந்தும் பிரான்சும் மோதிக்கொண்டபோது அவர் கையில் போர்க்கப்பல் இல்லை. ஆங்கிலக் கப்பல்களோ வங்கக்கடலில் பிரெஞ்சு வியாபாரக் கப்பல்களைப் பிடிக்க ஆரம்பித்துவிட்டன. துறைமுகத்துக்கு வந்த சரக்குக் கப்பல்களை நிறுத்திவைத்து, பக்கங்களில் துளை வெட்டிப் பீரங்கி ஏற்றினார். தச்சர்களையும் கொல்லர்களையும் தையல்காரர்களையும் உட்கார வைத்துப் பாய், கயிறு, வண்டிச்சக்கரம் எல்லாம் செய்ய வைத்தார். மாலுமிகள் போதாமல் நூற்றுக்கணக்கான அடிமைகளுக்கும் பயிற்சி கொடுத்து ஏற்றினார். பிரான்சிலிருந்து உதவிக்கு வந்தவற்றில் உண்மையான போர்க்கப்பல் என்றால் 70 பீரங்கி கொண்ட அஷீல் ஒன்றுதான்.

1746 மார்ச்சில் கிளம்பி, மடகாஸ்கர் பக்கம் போகும்போதே புயல் வந்து கப்பல்களைச் சிதைத்தது. ஒரு கப்பல் போய்விட்டது, பாய்மரங்கள் முறிந்தன. அந்தோஞ்சில் வளைகுடாவில் மழையிலும் சேற்றிலும் மரம் வெட்டி, ஒன்றரை மாதம்போல உட்கார்ந்து எல்லாவற்றையும் திரும்பக் கட்டினார்கள், காய்ச்சலில் ஆட்கள் செத்துக்கொண்டிருந்தார்கள். இன்னொருவராக இருந்தால் போர்ட் லூயிசுக்கே திரும்பியிருப்பார்.

நாகப்பட்டினத்தில் என்ன நடந்தது?

1746 ஜூலை 6. பிரெஞ்சுக் கப்பல்கள் ஒன்பது, ஆங்கிலக் கப்பல்கள் ஆறு. எண்ணிக்கையைப் பார்த்து ஏமாறாதீர்கள், பீரங்கி பலம் ஆங்கிலேயர் பக்கம். அவர்களுடைய முந்தைய தளபதி பார்னெட் கொஞ்ச நாள் முன்புதான் இறந்திருந்தார், எட்வர்ட் பெய்ட்டன் பொறுப்பில் இருந்தார். சாயங்காலம் தொடங்கி இருட்டும் வரை சுட்டுக்கொண்டார்கள். பிரெஞ்சுக்காரர்களுக்குத்தான் சேதம் அதிகம். ஆனால் பெய்ட்டனின் பெரிய கப்பல்களில் ஒன்றான மெட்வே ஏற்கெனவே ஒழுகிக்கொண்டிருந்தது. மறுநாள் கப்பல் கேப்டன்களோடு கலந்து பேசிவிட்டு இலங்கைப் பக்கம் ஒதுங்கிவிட்டார். சண்டையில் யாரும் ஜெயிக்கவில்லை, ஆனால் கடல் லபூர்தொனே கைக்கு வந்தது. பெய்ட்டன் ஆகஸ்டில் ஒரு தடவை எட்டிப் பார்த்துவிட்டு வங்காளம் போய்விட்டார், மெட்ராஸ் தனியாக நின்றது.

மெட்ராசை எப்படி இவ்வளவு சீக்கிரம் பிடித்தார்?

செயின்ட் ஜார்ஜ் கோட்டையில் இருந்த படை முன்னூறு பேர் அளவுதான், அதிலும் பாதிப் பேருக்கு வயசாகிவிட்டது. கவர்னர் நிக்கோலஸ் மோர்ஸ் ஒரு வியாபாரி. செப்டம்பர் நடுவில் பிரெஞ்சுப் படை தெற்கே இறங்கியது, கரையிலிருந்தும் கப்பலிலிருந்தும் குண்டு விழுந்தது, 21ஆம் தேதி கோட்டை சரணடைந்தது. செத்தவர்கள் மிகக் கொஞ்சம். அங்கே கைதியான கணக்குப்பிள்ளைகளில் ஒருவன் ராபர்ட் கிளைவ், இன்னும் இருபத்தொரு வயது முடியவில்லை.

(ஆங்கிலப் புத்தகத்தில் செப்டம்பர் 10 என்று பார்த்தால் குழம்ப வேண்டாம். இங்கிலாந்து 1752 வரை பழைய காலண்டரை வைத்திருந்தது, 11 நாள் பின்தங்கும்.)

பிடித்த ஊரை ஏன் விலை பேசினார்?

11 லட்சம் வராகன் கொடுத்தால் ஊரைத் திருப்பித் தருகிறேன் என்று மோர்சோடு ஒப்பந்தம் போட்டார். அவருக்கு மேலிடத்திலிருந்து வந்த உத்தரவு, பிடித்த இடங்களை வைத்துக்கொள்ளக் கூடாது என்பது. கப்பல்காரர் கணக்கில் இது சரியாகவும் இருந்தது: ஐப்பசி வந்துவிட்டால் சோழமண்டலக் கரையில் கப்பல் நிற்க முடியாது. மெட்ராசில் அப்போது துறைமுகம் ஏது, திறந்த கடல், மசூலா படகில்தான் கரைக்கு வர வேண்டும். பணத்தை வாங்கிக்கொண்டு வாடைக்காற்று பலப்படும் முன் கிளம்பிவிட வேண்டும் என்பது அவர் எண்ணம்.

புதுச்சேரி கவர்னர் டூப்ளேயின் கணக்கு வேறு. மெட்ராஸ் ஆங்கிலேயர் கைக்குத் திரும்பிப் போகவே கூடாது. அதோடு ஆற்காட்டு நவாப் அன்வருதீன் கான் சண்டை வேண்டாம் என்று எச்சரித்தபோது, ஊரைப் பிடித்து உங்களிடமே தருகிறேன் என்று டூப்ளே வாக்கு வேறு கொடுத்திருந்தார். கடலில் யார் பெரியவர், கரையில் யார் பெரியவர் என்று இரண்டு பேரும் கடிதத்தில் மோதிக்கொண்டார்கள், ஆள் அனுப்பினார்கள், ஒருவர் அனுப்பிய ஆட்களை மற்றவர் கைது செய்தார். நாள் போய்க்கொண்டே இருந்தது.

புயல் அப்போதுதான் வந்ததா?

அக்டோபர் 13 இரவு. ஐப்பசி பிறக்கிற நேரம். விடிந்து பார்த்தபோது மெட்ராஸ் கடலில் நின்ற கப்பல்களில் சில மூழ்கியிருந்தன, கொடிக்கப்பல் அஷீல் பாய்மரம் எல்லாம் போய் மொட்டையாக மிதந்தது. ஆயிரம் பேருக்கு மேல் செத்தார்கள். அவர்களில் மொரிசியசிலிருந்து ஏற்றிவந்த அடிமைகள் எத்தனை பேர் என்று பெயரோடு எழுதிவைக்க யாருக்கும் தோன்றவில்லை. லபூர்தொனே மிச்சத்தைச் சேர்த்துக்கொண்டு, மெட்ராசைப் புதுச்சேரி ஆட்களிடம் ஒப்படைத்துவிட்டுக் கிளம்பினார். டூப்ளே உடனே ஒப்பந்தம் செல்லாது என்றார். கிளைவ் மாறுவேஷத்தில் கடலூர் பக்கம் செயின்ட் டேவிட் கோட்டைக்குத் தப்பியது அதற்கப்புறம்தான். நவம்பர் தொடக்கத்தில் அடையாற்றங்கரையில் நவாபின் பெரும்படையைச் சில நூறு பேர் விரட்டியடித்தார்களே, அந்தப் பிரெஞ்சுப் படையில் லபூர்தொனே கரையில் விட்டுப்போன ஆட்கள் நிறைய. மெட்ராஸ் 1749இல் உடன்படிக்கைப்படி ஆங்கிலேயருக்கே திரும்பிப் போனது.

இதையெல்லாம் நம் பக்கமிருந்து யாராவது எழுதினார்களா?

எழுதினார், தமிழிலேயே. டூப்ளேயிடம் இருந்த ஆனந்தரங்கப் பிள்ளை 1736இலிருந்து நாட்குறிப்பு வைத்தவர். 1746இல் இரண்டு துரைமாருக்கும் இடையே நடந்த பூசல் அதில் விரிவாக இருக்கிறது. பிரெஞ்சுக்காரர்கள் இருவரும் தங்கள் தங்கள் நியாயத்தை எழுதி வைத்தார்கள், ஆங்கிலேயர் அவர்கள் கதையை எழுதினார்கள். பக்கத்தில் நின்று முகத்தைப் பார்த்து எழுதியவர் இவர். டூப்ளே பக்கத்து ஆள் என்பதை மனதில் வைத்துக்கொண்டு வாசியுங்கள், அவ்வளவுதான்.

சிறைக்கு ஏன் போனார்?

மொரிசியசுக்குத் திரும்பினால் அவர் நாற்காலியில் தவீத் என்ற புதிய கவர்னர் உட்கார்ந்திருக்கிறார். பிரான்சுக்குப் போய் நியாயம் கேட்கலாம் என்று டச்சுக் கப்பலில் ஏறினார், வழியில் ஆங்கிலேயர் பிடித்துக்கொண்டார்கள். லண்டனில் அவருக்கு நல்ல மரியாதை, மெட்ராசில் சொன்ன சொல்லைக் காப்பாற்றப் பார்த்தவர் என்று. வாக்குக் கொடுத்துவிட்டுப் பாரிஸ் போனார். 1748இல் அங்கே அவரைப் பிடித்து பாஸ்டீல் சிறையில் போட்டார்கள். பிடித்தவர்கள் அவருடைய சொந்த நாட்டுக்காரர்கள்.

மனைவி மக்களைப் பார்க்க விடவில்லை, எழுத எதுவும் தரவில்லை. அப்போது அவர் செய்ததாகச் சொல்லும் ஒரு விஷயம் பிள்ளைகளுக்கு ரொம்பப் பிடிக்கும்: கைக்குட்டையைச் சோற்றுக் கஞ்சியில் தோய்த்து விறைப்பாகக் காயவைத்துத் தாளாக்கினார், காப்பியும் கரியும் கலந்து மை செய்தார், செப்புக் காசை வளைத்துப் பேனா முனை ஆக்கினார், அதில் தன் வாதத்தை எழுதினார். வேட்டிக்குக் கஞ்சி போடுவது நமக்குத் தெரியும். அவர் அதைக் கப்பலில் கற்றாரோ புதுச்சேரி வண்ணாரிடம் பார்த்தாரோ, எனக்கு அந்தக் கைக்குட்டையை நினைத்தாலே புதுச்சேரி வெயிலில் கொடியில் காய்கிற துணிதான் கண்ணுக்கு வரும்.

லஞ்சம் வாங்கினாரா, இல்லையா?

மீட்புத்தொகை போக, தனக்கென்று ஒரு லட்சம் வராகன் வாங்கினார் என்பது குற்றச்சாட்டு. 1751இல் நீதிமன்றம் விடுதலை செய்தது. ஆராய்ச்சியாளர்கள் இன்னும் இரண்டு பக்கமும் வாதிடுகிறார்கள். அந்தக் காலத்துக் கம்பெனி அதிகாரிகள் எல்லாரும் சொந்த வியாபாரம் செய்தவர்கள், டூப்ளே உட்பட. ஆகவே கை சுத்தமா என்ற கேள்வியை விட, யார் ஜெயித்த கோஷ்டியில் இருந்தார் என்பதுதான் அன்றைக்குத் தீர்மானித்தது என்று நினைக்கிறேன். விடுதலையாகி வெளியே வந்தபோது உடம்பு போய்விட்டது, சொத்தும் போய்விட்டது. இரண்டே முக்கால் வருஷம்தான் இருந்தார்.

சதுரங்க வீரர் லபூர்தொனே இவரா?

அவர் பேரன். 1834இல் லண்டனில் மெக்டானலோடு வரிசையாக ஆடிய ஆட்டங்களால் பெயர் பெற்றவர்.

மாப்புவில் இருக்கிற லபூர்தொனே மாளிகை அவர் வீடா? வேறு எங்கெல்லாம் அவர் பெயர் இருக்கிறது?

மாளிகை அவர் வீடு இல்லை. அவர் இறந்து நூறு வருஷம் கழித்து ஒரு சர்க்கரை முதலாளி கட்டியது, பெயரை மட்டும் எடுத்துக்கொண்டார்கள். மஹேபூர் ஊர் அவர் பெயரில் இருக்கிறது, அவர் விட்டுவிட்டு வந்த அதே கிராண்ட் போர் கரையில், 1800களின் தொடக்கத்தில் வைத்த பெயர். சேஷெல்சின் பெரிய தீவான மஹேயும் அவர் பெயர்தான், 1740களில் அவர் அனுப்பிய கப்பல் போய்ப் பார்த்த தீவு. மாளிகையைப் பார்க்கப் போவதென்றால் போங்கள், பழத்தோட்டம் நன்றாக இருக்கும், கொய்யா வாங்கலாம். அவரைத் தேடிப் போவதென்றால் துரு ஃபான்ஃபரோனில் அந்த ஆஸ்பத்திரிச் சுவருக்குப் போங்கள், காலையில் போங்கள், பத்து மணிக்கு மேல் அந்தப் பக்கம் நிழல் இருக்காது.